பெயருள்ள ஒரு வேஷம்

எங்கள் அபார்ட்மென்ட் லாண்டரி ரூமில்தான் அந்த அம்மாவை முதலில் பார்த்தேன் என்று எல்லோரிடமும் சொல்வேன். அது முழு உண்மை இல்லை. முந்தின நாள் சாயங்காலமே டி.வி.யில் பார்த்திருந்தேன்.

கல்யாணமாகி நியூ ஜெர்சியில் ஐசலினுக்கு வந்த புதிது. தொண்ணூறுகளின் ஆரம்பம். வேலை பார்க்க எனக்கு விசா இல்லை, கார் ஓட்ட அப்போது பயம். பகலெல்லாம் வீடு, சுவர், டி.வி. எனக்கு இங்கிலீஷ் சொல்லிக்கொடுத்த வாத்தியார் அந்த டி.வி.தான். விளம்பரமே வராத ஒரு சேனலில் ஞாயிறு சாயங்காலம் பிரிட்டிஷ் நாடகங்கள் போடுவார்கள். கீழே எழுத்து ஓடும். காதில் பாதி, கண்ணில் பாதி என்று பொறுக்கிக்கொள்வேன். வீட்டுக்காரர் சிரிப்பார். "அமெரிக்காவுக்கு வந்து வெள்ளைக்காரத் துரை மாதிரி பேசறே" என்பார். "ஏனுங்க, துரைகிட்டக் கத்துக்கிட்டா துரை மாதிரிதானே வரும்" என்பேன்.

அந்த முந்தின நாள் நாடகத்தில் ஒரு கொலை. போலீஸ்காரர் ஒரு வீட்டுக் கதவைத் தட்டுகிறார். கறுப்பினத்து அம்மா ஒருத்தர் திறக்கிறார். கையில் பெரிய படுக்கை விரிப்பு, அதன் ஒரு முனையை முகவாய்க்கட்டையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு மடித்தபடியே பேசுகிறார். "அவர் போயிட்டார். பூனை மட்டும் இருக்கு. வேணுமா?" அவ்வளவுதான். கதவு சாத்திக்கொண்டது. கொலைகாரன் யார் என்று கடைசியில் சொன்னார்கள், அது எனக்கு மறந்தே போய்விட்டது. அந்தப் பூனை மட்டும் மனசிலேயே நின்றது.

மறுநாள் காலையில் லாண்டரி ரூமில் அதே முகவாய், அதே மாதிரி ஒரு விரிப்பு. நான் அப்படியே நின்றுவிட்டேன். பிறகு வாய் சும்மா இருக்குமா? "எக்ஸ்க்யூஸ் மீ ஆன்ட்டி, அந்தப் பூனையைக் கடைசியில யாராவது கொண்டு போனாங்களா?"

முகவாயிலிருந்து விரிப்பு நழுவியது. என்னை மேலும் கீழும் பார்த்தார். "இந்த நாட்டுக்கு வந்ததிலிருந்து என்னைத் தெரியும்னு சொன்ன முதல் ஆள் நீ" என்றார். "பூனையை நானே வெச்சுக்கிட்டேன். அப்படித்தான் அன்னைக்கு மனசுல நினைச்சுக்கிட்டேன்."

கரீபியன் தீவு ஒன்றில் பிறந்து, சின்ன வயதில் கப்பலேறி லண்டன் போய், டைப்பிஸ்டாக இருந்து, சர்ச் நாடகத்தில் நடித்து, அங்கிருந்து டி.வி.க்குப் போனவர். முழங்காலில் ஆபரேஷன் ஆனதும், தனியாக இருக்க வேண்டாம் என்று தங்கை இங்கே கூட்டிக்கொண்டு வந்திருந்தார். அந்தத் தங்கையை எனக்கு முன்பே தெரியும். எங்களுக்கு நேர் கீழ்வீடு. ஆஸ்பத்திரியில் சீனியர் நர்ஸ். புருஷன் காலமாகிவிட்டார், பிள்ளைகள் டெக்சஸ் பக்கம். பேச்சில் வெண்ணெயும் இருக்காது, விஷமும் இருக்காது. உப்பு மட்டும் இருக்கும்.

மூத்தவரை ஆன்ட்டி என்று கூப்பிட்டுவிட்டேனே, தப்பாக நினைப்பாரோ என்று கேட்டேன். "எங்க தீவுலயும் பெரியவங்களைப் பேர் சொன்னா பல் தெறிக்கும்" என்றார். ஆகவே அவர் எனக்கு ஆன்ட்டி. தங்கையை சிஸ்டர் என்றேன். நர்ஸையும் அப்படித்தானே நம் ஊரில் கூப்பிடுவோம்.

ஆன்ட்டியிடம் ஒரு அட்டைப்பெட்டி நிறைய வீடியோ கேஸட் இருந்தது. அவர் நடித்ததெல்லாம். தங்கை வீட்டு டெக்கில் போட்டால் கோடு கோடாக ஓடி, படம் மேலே மேலே உருண்டது. கப்பலில் வந்தபோது கெட்டுப்போய்விட்டது என்று இரண்டு பேரும் முடிவு கட்டிவிட்டார்கள். குப்பைக்குப் போட வேண்டியது, போட மனசில்லாமல் கட்டிலுக்கு அடியில் கிடந்தது. எனக்குக் கேட்டதும் விஷயம் புரிந்துவிட்டது. அந்தக் காலத்தில் நியூ ஜெர்சியில் எந்தத் தமிழ் வீட்டுக்குப் போனாலும் இது தெரியும். இந்திய டேப் ஒரு முறை, அமெரிக்க டேப் வேறு முறை. இங்கிலாந்து நம் கட்சி. ஊரிலிருந்து வருகிற கல்யாணக் கேஸட்டைப் பார்க்கவென்றே நம்மூர்க் கடைகள் இருக்கிற ஓக் ட்ரீ ரோட்டில் எல்லா முறையும் ஓடுகிற டெக் வாங்கி வைத்திருப்போம். சோபா இருக்கோ இல்லையோ, அது இருக்கும்.

"கொண்டு வாங்க ஆன்ட்டி" என்றேன். நாத்தனார் கல்யாணம் ஓடிய டெக்கில் லண்டன் ஓடியது. சுத்தமான படம். ஆன்ட்டி டி.வி.க்குப் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். பிறகு, "அட, எனக்கு அப்போ இடுப்பு இருந்திருக்கு" என்றார்.

அன்றிலிருந்து எங்கள் மத்தியானங்கள் அப்படியே போயின. நான் டீ போடுவேன், முறுக்கு வைப்பேன். அவர் கேஸட் எடுப்பார். பஸ் கண்டக்டர், ஆபீஸ் கூட்டுகிறவள், கோர்ட்டில் குற்றவாளியின் அம்மா, வீட்டுச் சொந்தக்காரி, அப்புறம் நர்ஸ், நர்ஸ், நர்ஸ். வேஷம் எல்லாம் ஒரு வாய்ச் சோறுதான். இரண்டு வரி, மூன்று வரி. ஆனால் ஒவ்வொன்றிலும் அந்தப் பெண் கதவைத் தாண்டி எங்கே போகப்போகிறாள் என்று நமக்கே தெரிகிற மாதிரி நடிப்பார். எப்படி என்று கேட்டேன். "கையில ஒரு வேலை கேட்பேன். வேலை கொடுத்துட்டா அவளுக்கு ஒரு வீடு வந்துடும், வீட்டுக்கு ஒரு கவலை வந்துடும். மத்தவங்க கதையில நான் நிக்க மாட்டேன், என் கதையிலேர்ந்து அவங்களை எட்டிப் பார்ப்பேன்." அவர்கள் தீவில் ஒரு சொலவடை உண்டாம்: ஆடு கட்டின இடத்தில்தான் மேயும். "கயிறு சின்னதுதான். ஆனா எட்டுற புல்லை ஒண்ணு விடாம மேஞ்சேன்." நான் அதை உடனே பிடித்துக்கொண்டேன். அவருக்கு, 'ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம்' என்பதைக் கொடுத்தேன். பதிலுக்குப் பதில். இப்படியே எங்களுக்குள் ஒரு பண்டமாற்று.

ஒரு நாள் டேப் முடிவில் பெயர்கள் மேலே ஏறும்போது கேட்டேன், "ஆன்ட்டி, மத்தவங்களுக்கெல்லாம் இடது பக்கம் வேஷத்தோட பேர் வருது. உங்களுக்கு நர்ஸ், கண்டக்டர், பக்கத்து வீட்டுக்காரின்னே வருதே?"

"ஆமா. எனக்கு எப்பவும் தொழில்தான், பேர் கிடையாது" என்றார். முறுக்கைக் கடித்தார். "ஒரே ஒரு தடவை பேர் இருக்கிற வேஷம் பண்ணணும்னு இருந்தது. முப்பது வருஷமா இருந்தது. இப்ப முழங்காலோட அதுவும் போச்சு."

சிஸ்டர் லீவு நாளில் சில சமயம் வந்து உட்காருவார். வேலைக்குப் போகிறவருக்கு வேடிக்கை பார்க்கிறவள் மேல் இருக்கிற கோபம் அவருக்கு அக்கா மேல் இருந்தது. ஒரு கேஸட்டில் ஆன்ட்டி வெள்ளைச் சீருடையில் நோயாளியின் மணிக்கட்டைப் பிடித்து நாடி பார்க்கிறார்.

"கட்டைவிரலால பார்க்கிறா" என்றார் சிஸ்டர். "கட்டைவிரல்லயே ஒரு துடிப்பு இருக்கு. தன் நாடியைத் தானே எண்ணிக்கிட்டு இருக்கா. அந்த ஆள் செத்தே போயிருப்பான்."

"அவன் அடுத்த காட்சியில எழுந்து நடக்கிறான்" என்றார் ஆன்ட்டி.

"என் வார்டுல எழுந்திருக்க மாட்டான். நான் இத்தனை வருஷம் நின்னு கால் வீங்கினேன், ஒருத்தனும் கேமரா கொண்டு வரலை. இவ ரெண்டு நிமிஷம் தப்பா நின்னா, அதுக்குப் பெட்டி நிறைய கேஸட்."

இப்படிச் சண்டை போட்டுக்கொண்டே இருவரும் ஒரே தட்டில் முறுக்கு எடுப்பார்கள்.

அப்புறம்தான் லண்டனிலிருந்து போன் வந்தது. அங்கே ஆன்ட்டிக்கு வேலை பிடித்துக்கொடுக்கும் ஏஜென்ட் அம்மா. புதிதாக ஒரு நாடகம், மூன்று பாகம். ஓய்வு பெற்ற ஒரு நர்ஸ், தான் வேலை பார்த்த ஆஸ்பத்திரியிலேயே புருஷன் சாகக் கிடப்பதைப் பார்க்கிற கதை. அந்த வேஷத்துக்குப் பெயர் இருந்தது. முன்பெயர், பின்பெயர் இரண்டும் இருந்தன. ஆனால் டைரக்டர் சின்னப் பையன், ஆன்ட்டியைத் தெரியாது. இரண்டு பக்கம் வசனத்தைப் பேசி வீடியோ எடுத்து அடுத்த வார வெள்ளிக்கிழமைக்குள் அனுப்பச் சொன்னார்கள். அதற்குள் வராவிட்டால் வேறு ஆள்.

சிஸ்டருக்கு முகம் சுருங்கிவிட்டது. "நீ இங்கே இருக்க வந்தியா, அடுத்த போன் வர்ற வரைக்கும் உக்காந்திருக்க வந்தியா?" என்றார்.

ஆன்ட்டி என்னைப் பார்த்தார். "உங்க வீட்டுல கேமரா இருக்கா?"

இருந்தது. ஞாயிற்றுக்கிழமை எங்கள் ஹாலில் ஷூட்டிங். வசனம் வீட்டுக்காரர் ஆபீஸுக்கு ஃபாக்ஸில் வந்திருந்தது. அவரே கேமராமேன். ஊரில் கல்யாண வீடியோ எடுத்த கை, சும்மா இருக்காது. முதல் தடவை ஆன்ட்டி முகத்திலிருந்து என் சாமி படத்துக்கும், அங்கிருந்து ஜன்னலுக்கும் கேமராவை ஓட்டிவிட்டு வந்தார். "தம்பி, நான் ஓடிப்போயிட மாட்டேன். என்னையே பாருங்க" என்று ஆன்ட்டி சொன்ன பிறகுதான் கேமரா நின்றது. கதையில் வரும் மகனின் வசனத்தை நான் ஈரோட்டு இங்கிலீஷில் படித்தேன். மகன் கேட்கிறான்: அப்பா எப்படி இருக்கார்? அம்மா பதில் சொல்ல வேண்டும். ஆன்ட்டி சொல்லவில்லை. சோபா ஓரத்தில் உட்கார்ந்தார். ஒரு ஷூவைக் கழற்றினார். இன்னொன்றைக் கழற்ற மறந்துவிட்டு, கழற்றின ஷூவை மடியில் வைத்துக்கொண்டு தரையைப் பார்த்தபடி இருந்தார். எவ்வளவு நேரமோ தெரியாது. நான் வசனத்தாளைத் தவறவிட்டேன். பிறகு நிமிர்ந்து, "சாப்பிட்டியா?" என்றார். நம் ஊரிலும் கெட்ட சேதி கொண்டு வருகிறவர் முதலில் அதைத்தானே கேட்பார். வீட்டுக்காரர் கேமராவை அணைக்கவே மறந்துவிட்டார்.

அந்த மௌனத்தில்தான் எல்லாம் இருந்தது. அது ஒன்றுதான் அந்த டைரக்டர் பையன் பார்க்க வேண்டியது.

இனி டேப்பை இங்கிலாந்து முறைக்கு மாற்ற வேண்டும். ஓக் ட்ரீ ரோட்டில் கேஸட் கடை வைத்திருந்த அண்ணன் இருக்கிறாரே, பிறகென்ன. காரைக்குடிக்காரர். தமிழ்ப் படம் வாடகைக்குக் கொடுப்பார், கல்யாணம், வளைகாப்பு, அரங்கேற்றம் எல்லாம் வீடியோ எடுத்துப் பின்கட்டில் உட்கார்ந்து எடிட் பண்ணுவார். திங்கள்கிழமை காலையில் டேப்பைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். லண்டன் அட்ரஸும் கொடுத்தேன்.

"கூரியர் எதுக்கு அக்கா? என் மச்சான் இன்னைக்கு சாயங்காலம் லண்டன் ஃப்ளைட்டு. அங்கே ரெண்டு நாள் தங்கறான். கையோட கொண்டுபோய்க் கொடுத்துடுவான். உங்களுக்கும் டேப்புல ஒரு காப்பி எடுத்து வைக்கிறேன்" என்றார்.

கூரியரைவிட மச்சான் உசத்தி. நாங்கள் ஊறுகாயிலிருந்து தாலிச்சங்கிலி வரை இப்படித்தான் அனுப்பினோம், யார் எங்கே போகிறார் என்று விசாரித்து. சந்தோஷமாக வீட்டுக்கு வந்தேன்.

மறுநாள் அந்தக் காப்பி டேப்பை வாங்கிக்கொண்டு வந்தேன். சிஸ்டருக்கு அன்று லீவு. மூன்று பேருமாக எங்கள் ஹாலில் உட்கார்ந்தோம். நான் டேப்பைப் போட்டேன்.

முதலில் மங்கள வாத்தியம். நாதஸ்வரம், தவில். தங்க எழுத்தில் 'நல்வாழ்த்துக்கள்' என்று சுழன்று வந்து நின்றது. அதன் மேல் ரோஜா இதழ் மழை. இதழ்கள் விலகினால் ஆன்ட்டி முகம், இதய வடிவத்துக்குள். வசனம் தொடங்கியது, அதுவரை பரவாயில்லை. அப்பா எப்படி இருக்கார் என்று என் குரல் கேட்டது. ஆன்ட்டி உட்கார்ந்தார். ஷூவைக் கழற்றினார். அவ்வளவுதான், வீணை. வீணைக்குப் பின்னால் புல்லாங்குழல். ஒரு ஆன்ட்டி நான்கு ஆன்ட்டியாகப் பிரிந்து நான்கு மூலைக்குப் போய், நான்கு ஷூவோடு, திரும்பி வந்து ஒன்றானார்.

டெக்கை நிறுத்தவும் தோன்றாமல் கடைக்குப் போன் போட்டேன். "அண்ணா, என்னங்ணா பண்ணி வெச்சிருக்கீங்க?"

"பிடிச்சிருக்கா அக்கா? நடுவுல அந்த அம்மா கொஞ்ச நேரம் சும்மா உக்காந்துட்டாங்க. பாக்கறவங்களுக்கு போர் அடிக்குமேன்னு மியூசிக் கொடுத்தேன். நம்ம வீட்டு ஆள் மாதிரி, அதனால எஃபெக்டுக்குத் தனியா சார்ஜ் பண்ணலை."

அவர் மேல் கோபப்படவும் முடியவில்லை. அவர் கையில் கொடுத்த டேப்புக்கு அவர் எப்போதும் செய்கிற மரியாதையைத்தான் செய்திருந்தார். மச்சான் அந்நேரம் லண்டனில் இறங்கியிருப்பார்.

போனை வைத்துவிட்டுத் திரும்பினால் ஆன்ட்டி சிரிக்கவுமில்லை, அழவுமில்லை. "பொண்ணே, எனக்குக் கல்யாணமே ஆகலை. கடைசியில ஒரு கல்யாண வீடியோ கிடைச்சுது" என்றார். பெயருள்ள வேஷம் ரோஜா இதழுக்கு அடியில் போய்விட்டது என்று எங்கள் இரண்டு பேருக்கும் தெரிந்தது.

சிஸ்டர்தான் வித்தியாசமாக இருந்தார். "திரும்பப் போடு" என்றார் என்னிடம். போட்டேன். "சத்தத்தைக் குறை." முழுக்கக் குறைத்தேன். வாத்தியமில்லாமல், ஒரு ஷூவோடு அக்கா உட்கார்ந்திருப்பதை எட்டிப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"அது நான்" என்றார்.

ஆன்ட்டி டி.வி.யிலிருந்து தங்கை பக்கம் திரும்பினார்.

"டியூட்டி முடிச்சு வந்து நான் அப்படித்தான் உக்காருவேன். ஒரு ஷூவோட. யாரும் பார்க்கலைன்னு நெனச்சேன்."

"நான் சமையல்கட்டுலேர்ந்து பார்ப்பேன்" என்றார் ஆன்ட்டி. "எந்த நாள் வார்டுல ஆள் போயிருக்குன்னு அந்த ரெண்டாவது ஷூவை வெச்சுத்தான் எனக்குத் தெரியும்."

சிஸ்டர் எழுந்து எங்கள் போனை எடுத்தார். என்னிடம் கேட்கவும் இல்லை. லண்டன் ஏஜென்ட் அம்மாவைப் பிடித்து, ஆஸ்பத்திரிக் குரலில் பேசினார். "ஒரு டேப் வரும். அதைப் பார்க்காதீங்க. பார்த்தாலும் பார்க்காத மாதிரி இருங்க. ஆள் நேர்ல வருது." வைத்துவிட்டு அக்காவைப் பார்த்தார். "முழங்காலுக்கு வீல்சேர் சொல்லிக்கலாம். கிளம்பு."

"நீ தனியா இருப்பியே."

"தனியா இருக்கிறது எனக்குத் தெரிஞ்ச வேலை. உனக்குத்தான் தெரியாத வேலை எல்லாம் நடிக்க வரும்."

புதன்கிழமை நாங்கள் எல்லோரும் நியூவர்க் ஏர்போர்ட் போனோம். வீல்சேரில் உட்கார்ந்திருந்த ஆன்ட்டியின் கையை எடுத்து, மணிக்கட்டில் தன் இரண்டு விரலை வைத்துக் காட்டினார் சிஸ்டர். "இப்படி. கட்டைவிரல் இல்லை. இந்தப் பொம்பளைக்குப் பேர் இருக்கு, ஞாபகம் வெச்சுக்கோ. பேர் இருக்கிற நர்ஸ் தப்பு பண்ணக் கூடாது." ஆன்ட்டி தலையாட்டினார். மணிக்கட்டை உடனே விடவில்லை சிஸ்டர். நாடி பார்த்தாரோ, சும்மா பிடித்திருந்தாரோ, எனக்குத் தெரியாது.

அடுத்த வாரம் போன் வந்தது. டேப்பை அவர்கள் ஏற்கெனவே பார்த்துவிட்டார்களாம். மச்சான் அவ்வளவு பொறுப்பு. இரண்டு முறை பார்த்தார்களாம். ஆன்ட்டி உள்ளே நுழைந்ததும் அந்தச் சின்னப் பையன் கேட்ட முதல் கேள்வி, "மேடம், மாப்பிள்ளை யாரு?" அறையே சிரித்ததாம். சிரிப்பு அடங்கினதும் ஆன்ட்டி நாற்காலியில் உட்கார்ந்து ஒரு ஷூவைக் கழற்றினாராம். வேஷம் அவருக்குத்தான். ரோஜா இதழ் கெடுத்ததா, வழி விட்டதா என்று இன்றைக்கும் எனக்கு நிச்சயமில்லை.

அந்த வேஷத்துக்குப் பின் அங்கேயே இன்னொன்று வந்தது, அதற்குப் பின் இன்னொன்று. ஆன்ட்டி திரும்பி வரவில்லை. கேஸட் பெட்டி மட்டும் என் வீட்டில், டெக்கோடு இருந்தது. சிஸ்டர் லீவு நாளில் மேலே வருவார். முறுக்குத் தட்டில் ஒரு கை குறைந்திருந்தது.

அந்த நாடகம் எங்கள் சேனலுக்கு வந்து சேர ரொம்ப நாள் ஆயிற்று. அதற்குள் நான் கார் ஓட்டப் பழகி, விசாவும் மாறி, ஒரு குழந்தைகள் டேகேரில் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். ஞாயிறு சாயங்காலம். சிஸ்டர் டியூட்டி முடித்து நேரே எங்கள் வீட்டுக்கு வந்தார். கேஸட் கடை அண்ணனும் வந்திருந்தார், மிக்ஸர் பாக்கெட்டோடு. அந்த ஷூ காட்சி வந்தது. வீணை இல்லை, ஒன்றும் இல்லை. கடிகாரம் ஓடுகிற சத்தம் மட்டும். அண்ணனே மிக்ஸர் மெல்லுவதை நிறுத்தினார். பக்கத்தில் சிஸ்டரைப் பார்க்க எனக்குக் கூச்சமாக இருந்தது, பார்க்கவில்லை.

கடைசியில் புருஷன் கட்டிலருகே ஆன்ட்டி. அவர் கையை எடுக்கிறார். மணிக்கட்டைத் தடவுகிறார். நாடி பார்க்கிறார்.

கட்டைவிரல்.

"பாத்தியா?" என்றார் சிஸ்டர். கன்னம் நனைந்திருந்தது, துடைக்கவில்லை. "ஏர்போர்ட்ல வெச்சுச் சொன்னேன். பாத்தியா?"

பெயர்கள் ஏறின. இடது பக்கம் முன்பெயர், பின்பெயர். அதற்கு நேரே ஆன்ட்டி பெயர். சிஸ்டர் இரண்டையும் வாய்விட்டுப் படித்தார், வார்டில் நோயாளியைக் கூப்பிடுகிற மாதிரி. "நடுவுல நாலா பிரிச்சிருந்தா இன்னும் நல்லா இருந்திருக்கும்" என்றார் அண்ணன். யாரும் அவரைக் கோபிக்கவில்லை.

மறுநாள் என் வீட்டிலிருந்தே லண்டனுக்குப் போன் போட்டார் சிஸ்டர். நன்றாக இருந்தது என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. நேரே கட்டைவிரலுக்குத்தான் போனார். எதிர்ப்பக்கம் ஆன்ட்டி சொன்னது எனக்கும் கேட்டது.

"அது நோயாளி கை இல்லைடி, புருஷன் கை. பதட்டத்துல அவளுக்கு எல்லாம் மறந்துடுச்சு. தன் நாடிதான் அவளுக்குக் கேட்டுது."

சிஸ்டர் ரிசீவரை ஒரு காதிலிருந்து மறு காதுக்கு மாற்றினார்.

"நர்ஸுக்கு மறக்காது" என்றார் பிறகு, நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொண்டே. "நான் சொல்றேன் கேளு, என் புருஷன் போன அன்னைக்கு..."

நான் டீ வைக்க உள்ளே போனேன்.